வேலை முடிந்த பின்: பிடிக்காமல் நிற்கும் நாய்



சென்ற இதழில் குளிர்காலச் சப்பாத்தும் உள்ளுடுப்பும் வாங்குவது பற்றி எழுதியிருந்தோம். அதைப் படித்துவிட்டு, எங்களைப் போலவே மீன் தொழிற்சாலையில் வேலை செய்யும் ஒரு சகோதரி கடிதம் போட்டிருந்தார். "சப்பாத்து வாங்கிவிட்டோம். அதைப் போட்டுக்கொண்டு எங்கே போவது? வேலை, மொழி வகுப்பு, வீடு. இதைவிட்டால் இங்கே வேறு என்ன இருக்கிறது?" என்று கேட்டிருக்கிறார். நியாயமான கேள்விதான். வந்த புதிதில் நாங்களும் யன்னலுக்குப் பக்கத்தில் கதிரையைப் போட்டுக்கொண்டு இதையேதான் கேட்டுக்கொண்டிருந்தோம். அதற்குப் பதிலாக இம்முறை ஒரு நாயின் கதையை எழுதுகிறோம். நாயென்றதும் பக்கத்தைத் திருப்பிவிடாதீர்கள். நாங்களும் நாய்க்குப் பயந்த ஆட்கள்தான்.

நாங்கள் இருப்பது நோர்வேயின் வடகிழக்கு மூலையில், பின்மார்க்கில், கடலோரச் சிறிய ஊர் ஒன்றில். 1980களிலேயே எம்மவர்கள் இந்தக் கரைக்கு வந்து மீன் வெட்டத் தொடங்கிவிட்டார்கள். அவர்களில் பலர் பிறகு ஒஸ்லோப் பக்கம் போய்விட்டார்கள். நாங்கள் பின்னால் வந்தவர்கள். காலை ஆறு மணிக்கு வேலை தொடங்கினால் இரண்டு மணிக்கு முடியும். அதற்குப் பிறகு கோடையில் இரவே கிடையாது, மாரியில் பகலே கிடையாது.

எங்கள் வீட்டுக்குக் கீழ்மாடியில் ஒரு பெரியவர் இருக்கிறார். எங்கள் தொழிற்சாலையிலேயே முந்தி மேற்பார்வையாளராக இருந்து இளைப்பாறியவர். நாங்கள் வந்த முதல் வாரம் ஒரு பை உருளைக்கிழங்கோடு கதவைத் தட்டிய மனிதர். பிள்ளைகள் அவரைப் 'பெஸ்தபார்' என்றுதான் கூப்பிடுவார்கள். இந்த ஊர்ப் பாஷையில் தாத்தா என்று அர்த்தம்.

2024 ஏப்ரலில் பனிக்கட்டியில் சறுக்கி விழுந்து அவருக்கு இடுப்பெலும்பு உடைந்துவிட்டது. ஆஸ்பத்திரியில் இருந்து தொலைபேசி எடுத்தார். தன்னுடைய நாயைத் தினமும் இரண்டு தரம் நடக்கக் கூட்டிக்கொண்டு போக முடியுமா என்று கேட்டார். அவருடைய மகள் இருப்பது துறொம்சோவில், அவவுக்கும் வேலை. உருளைக்கிழங்குப் பை கண்ணுக்கு முன்னால் வந்தது. முழுவதும் விளங்குவதற்கு முன்பே "ஓம்" என்று சொல்லிவிட்டோம்.

சொன்ன பிறகுதான் வீட்டுக்குள் பிரச்சினை. ஊரில் நாய் என்றால் வாசலோடு. படலைக்கு வெளியே படுக்கும், மிச்சச் சோற்றைத் தின்னும். இங்கே சோபாவில் ஏறிப் படுக்கிற நாய். ஊரில் இருந்து பெரியம்மா தொலைபேசியில் கேட்டா: "நாய் மேய்க்கவே பிள்ளை, ஏஜென்சிக்கு அவ்வளவு காசு கட்டி உங்களை அனுப்பினது?" பதில் சொல்ல முடியவில்லை. சிரித்துவிட்டு வைத்துவிட்டோம்.

நாயின் பெயர் பிரேயா. அப்போது ஆறு மாதக் குட்டி. வெள்ளை உடம்பு முழுக்கக் கறுப்புப் புள்ளி, நீளமான காது, வாலில் தொங்கல் மயிர். எங்கள் சின்னவன் அதற்கு 'வெள்ளைச்சி' என்று பெயர் மாற்றிவிட்டான். இங்கிலிஷ் செற்றர் என்ற இனம். 1825 அளவில் லவறாக் என்ற ஆங்கிலேயர் தெரிந்தெடுத்து வளர்க்கத் தொடங்கி, 1872இல் இதைப் பற்றிப் புத்தகமும் எழுதினார். சும்மா வீட்டுக் காவலுக்கு வளர்க்கிற நாய் அல்ல. 'ரீப்பே' என்ற மலைப்பறவையை வேட்டையாடும்போது முன்னால் ஓடித் தேடுவதற்கென்றே வளர்க்கிற நாய்.

ரீப்பே என்பது எங்கள் கௌதாரியின் தூரத்துச் சொந்தம் என்று வைத்துக்கொள்ளுங்கள். சுமார் அரைக் கிலோ எடை. கோடையில் மண்ணிறம், மாரியில் பனியைப்போல வெள்ளை. கால்விரல் வரை இறகு மூடியிருக்கும். செடிக்குள் பதுங்கினால் பக்கத்தில் போய் நின்றாலும் கண்ணுக்குத் தெரியாது. மிதிக்கப் போகிற நேரத்தில் 'பர்ர்' என்று எழும்பும், மனிதருக்கு நெஞ்சு அடைத்துவிடும். மன்னார்ப் பக்கத்தில் கௌதாரி எழும்புவதைப் பார்த்தவர்களுக்கு இது விளங்கும்.

வன்னியில் நாய் வேட்டை கண்டிருக்கிறோம். அங்கே நாயை ஏவிவிட்டால் துரத்தும், மடக்கும், கடிக்கும். பன்றியோ முயலோ உடும்போ, நாய் பிடித்ததுதான் கணக்கு. இங்கே எல்லாம் தலைகீழ். இந்த நாய் காற்றில் மணம் பிடித்துப் பறவைக்குக் கிட்டப் போய் அப்படியே நின்றுவிட வேண்டும். முன்கால் ஒன்று தூக்கியபடி, மூக்கு நேரே, வால் நேரே, சிலை மாதிரி. வேட்டைக்காரர் நடந்து வந்து சேரும்வரை நிற்க வேண்டும். அவர் சொன்ன பிறகுதான் பறவையை எழுப்பலாம். பறவை எழும்பியதும் அதற்குப் பின்னால் ஓடாமல் இருந்துவிட வேண்டும். வெடி விழுந்த பிறகு, சொன்னால் மட்டும் போய் எடுத்துவர வேண்டும்.

"பிடிக்கத் தெரிந்த நாய்க்குப் பிடிக்காமல் இருக்கப் படிப்பிப்பதுதான் முழு வேலை" என்று பெரியவர் சொன்னார். பூனை பாய்வதற்கு முன் ஒரு கணம் உறைந்து நிற்கிறதல்லவா? நாய்ச் சாதிக்கும் அந்தக் குணம் உண்டு. அந்த ஒரு கணத்தைத்தான் மனிதர் பல தலைமுறையாகத் தெரிந்தெடுத்து நீட்டிவைத்திருக்கிறார்கள். துவக்கு வருவதற்கு முந்திய காலத்தில் இந்த நாய் பறவைக்கு முன்னால் பதுங்கிக் கிடக்க, வலையை இழுத்து மூடிப் பிடிப்பார்களாம். நிற்கிற குணம் பிறப்போடு வருவது. பொறுமை படிப்பித்துத்தான் வரும்.

இனி, நாங்கள் படித்த பாடங்களை ஒழுங்காகச் சொல்கிறோம். மே நடுப்பகுதியில் பெரியவர் வீட்டுக்கு வந்துவிட்டார். நடைவண்டியைப் பிடித்துக்கொண்டு குசினி யன்னலில் நின்று எங்களைப் படிப்பித்தார். நாங்கள் நாயைப் படிப்பித்தோம். உண்மையில் யார் யாரைப் படிப்பித்தார்கள் என்று இன்றைக்கும் சரியாகத் தெரியவில்லை.

முதற் பாடம், ஒரே சொல். நாயைக் கூப்பிட நாங்கள் "இஞ்ச வா" என்போம். மூத்தவள் நோர்வீஜிய மொழியில் "கொம்" என்பாள். சின்னவன் வாயில் விரலை வைத்துச் சீட்டி அடிப்பான். நாய் நடுவில் நின்று எங்கள் எல்லோரையும் மாறி மாறிப் பார்க்கும். பெரியவர் யன்னலைத் திறந்து, "நாய் செவிடு இல்லை. நீங்கள்தான் மூன்று வீடு மாதிரிக் கதைக்கிறீர்கள். எந்தச் சொல்லென்றாலும் பரவாயில்லை, எல்லோரும் அதையே சொல்லுங்கள்" என்றார். கூடிப் பேசி "கொம்" என்று முடிவெடுத்தோம். அதோடு ஒரு விசில். சாப்பாட்டுக் கோப்பையை வைக்கும்போதெல்லாம் விசிலை ஊதினோம். இரண்டு கிழமையில் விசில் கேட்டால் எங்கே நின்றாலும் பறந்து வரும். பிழை செய்துவிட்டு வந்தாலும் வந்ததற்காக ஏசக்கூடாது. ஏசினால் அடுத்த முறை வராது. பிள்ளைகளுக்கும் இதே கதைதான் என்று அன்றிரவு எங்களுக்குள் பேசிக்கொண்டோம்.

இரண்டாம் பாடம், இருப்பது. "ஸித்" என்றால் குந்த வேண்டும். முதலில் பக்கத்தில், பிறகு நீளக் கயிற்றில் பத்து மீற்றர் தள்ளி. சாப்பாட்டுக் கோப்பைக்கு முன்னால் இருத்தி, நாங்கள் சொல்லும்வரை தொடாமல் இருக்கப் பழக்க வேண்டும்.

இந்த இடத்தில் நாங்கள் தடக்குப்பட்டோம். 2009இல் முள்ளிவாய்க்காலில் கஞ்சிக்கு வரிசையில் நின்ற ஆட்கள் நாங்கள். ஒரு சீவனுக்கு முன்னால் சாப்பாட்டை வைத்துவிட்டு "பொறு" என்று சொல்ல வாய் வரவில்லை. இரண்டு மூன்று நாள் பெரியவருக்குத் தெரியாமல் உடனே சாப்பிட விட்டோம். அவர் கண்டுபிடித்துவிட்டார். காரணத்தைச் சொன்னோம். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டுச் சொன்னார்: "அது பசி. இது பசி இல்லை. சாப்பாடு கிடைக்கும் என்று இவளுக்குத் தெரியும். எப்போது என்றுதான் உங்களைப் பார்த்துக் கேட்கிறாள்." அதற்குப் பிறகு செய்தோம். முதல் நாள் இரண்டு விநாடி, பிறகு ஐந்து, பிறகு ஒரு நிமிஷம். அவள் கோப்பையைப் பார்ப்பதை விட்டுவிட்டு எங்கள் முகத்தைப் பார்க்கத் தொடங்கினாள்.

மூன்றாம் பாடம், சிறகு. குளிர்ப்பெட்டியில் வைத்திருந்த ரீப்பேச் சிறகு ஒன்றைத் தூண்டில் தடியில் கட்டிப் புல்லில் விட்டோம். பாய்ந்தாள், தூக்கிவிட்டோம். திரும்பவும் பாய்ந்தாள், திரும்பவும் தூக்கிவிட்டோம். நாலாம் தரம் நின்றாள். முன்கால் தூக்கியபடி, உடம்பு நடுங்க. பிள்ளைகள் கைதட்டினார்கள். ஒவ்வொரு நாளும் செய்து காட்ட ஆசையாக இருந்தது. பெரியவர் போதும் என்று நிற்பாட்டிவிட்டார். சிறகைக் கண்ணால் பார்த்து நிற்கப் பழகினால் மலையில் மூக்கைப் பாவிக்காதாம். வேடிக்கைக்குச் செய்வது வேறு, பழக்குவது வேறு.

நாலாம் பாடம், காற்று. மணம் காற்றோடு வருவது. ஆகவே நாயைக் காற்றுக்கு எதிர்முகமாக விட்டு, இடமும் வலமுமாகக் குறுக்கே ஓடித் தேடப் பழக்க வேண்டும். நாங்கள் வளைந்து வளைந்து நடந்தோம், அவள் கயிற்றோடு எங்களைப் பார்த்து வளைந்தாள். தொழிற்சாலைப் புகை எந்தப் பக்கம் சாய்கிறது என்று வேலை முடிந்து வரும்போதே பார்த்து வைத்துக்கொள்வோம். இத்தனை வருஷம் குளிர் என்று மட்டும் தெரிந்த காற்றுக்குத் திசையும் இருக்கிறது என்று அப்போதுதான் கவனித்தோம்.

புதிதாக வந்தவர்கள் ஒன்றைக் கட்டாயம் தெரிந்து வைத்திருங்கள். இந்த நாட்டில் ஏப்ரல் முதலாம் திகதியில் இருந்து ஓகஸ்ட் 20 வரை வெளியில் நாயைக் கட்டியே வைத்திருக்க வேண்டும். பறவையும் மிருகமும் குஞ்சு குட்டி போடுகிற காலம். 'போன்த்வாங்' என்பார்கள். மற்ற நாட்களிலும் சாமி மக்களின் பனிமான் கூட்டங்களுக்குக் கிட்ட நாயை அவிழ்த்து விடக்கூடாது. நாய் துரத்தி மான் செத்தால் நட்டத்தை நாய்க்காரரே கட்ட வேண்டும். அதைவிட, அது ஒரு குடும்பத்தின் சீவனோபாயம். எங்களுடைய மாட்டை ஒருவரின் நாய் துரத்தினால் எப்படி இருக்கும்? பனிமானைக் கண்டால் விலகிப் போக நாய்க்கு ஒரு தனிப் பயிற்சி இருக்கிறது. அதை அனுமதி பெற்ற பயிற்சியாளரே செய்ய வேண்டும். யூலையில் பெரியவரின் மகள் வந்து கூட்டிக்கொண்டு போய்ச் செய்வித்தா.

இனி ஐந்தாம் பாடம், வெடிச்சத்தம். இதில்தான் நாங்கள் பெரிய பிழை விட்டோம்.

எங்கள் வீட்டில் ஒருவருக்கு வெடிச்சத்தம் ஆகாது. யாரென்று எழுதத் தேவையில்லை. வாசிக்கிற உங்கள் வீடுகளிலும் ஒருவர் இருப்பார். கதவு அடித்துச் சாத்தினால், தொழிற்சாலையில் மீன்பெட்டி அடுக்கு விழுந்தால், கை நடுங்கத் தொடங்கிவிடும். டிசெம்பர் 31 இரவு வாணவேடிக்கை நேரத்தில் குளியலறைக் கதவைப் பூட்டிக்கொண்டு உள்ளே இருப்பார். இதை நாங்கள் வெளியில் யாருக்கும் சொன்னதில்லை.

யூனில் ஒரு சனிக்கிழமை, ஊருக்கு வெளியே கல்லுடைக்கிற இடத்தில் வேட்டைக்காரர்கள் மண்தட்டு எறிந்து சுட்டுப் பழகினார்கள். "நாய்க்கும் பழகட்டும், எங்களுக்கும் பழகட்டும்" என்று நினைத்துப் பெரியவரைக் கேட்காமல் பிரேயாவைக் கூட்டிக்கொண்டு போனோம். காரை நிற்பாட்டி இறங்கிய கையோடு முதல் வெடி. நாய் கயிற்றை இழுத்துப் பறித்துக்கொண்டு காருக்கு அடியில் போய் ஒட்டிக்கொண்டது. அதைத் தேடிக் குனிந்த நேரம் இரண்டாம் வெடி. எங்களில் மற்றவரும் காருக்குப் பக்கத்தில் தலையைப் பொத்திக்கொண்டு நிலத்தில் குந்திவிட்டார். சுட்டுக்கொண்டிருந்தவர்கள் கண்டதும் நிற்பாட்டிவிட்டார்கள். ஒருவர் ஓடிவந்து தண்ணீர் தந்தார். வெட்கம் ஒருபக்கம். நாய் வெளியே வர முக்கால் மணித்தியாலம் ஆனது. அதுவரைக்கும் எங்களில் அந்த ஒருவர் கைநீட்டி அதன் காலைப் பிடித்தபடியே தார் மண்ணில் படுத்திருந்தார்.

வெடிக்குப் பயந்த பறவைநாய் வேட்டைக்கு உதவாது. அதை எல்லோரும் சொல்வார்கள். பெரியவரிடம் போய்ச் சொல்லக் கால் கூசியது. நாயைக் கெடுத்துவிட்டோம் என்றோம். அவர் ஏசவில்லை. "நாயில் பிழை இல்லை. உங்களில் அவசரம்" என்று மட்டும் சொன்னார். பிறகு எங்களில் மற்றவரைப் பற்றிக் கேட்டார். சொன்னோம். முதல் முறையாக வெளியாள் ஒருவருக்குச் சொன்னோம்.

அவர் தன்னுடைய தாயைப் பற்றிச் சொன்னார். 1944 இலையுதிர் காலத்தில் ஜெர்மன் படை பின்வாங்கும்போது பின்மார்க் ஊர்களை எரித்துக்கொண்டு போனது. பெரியவர் யுத்தம் முடிந்த பிறகு 1946இல், எரிந்த ஊரில் பலகையால் போட்ட தற்காலிகக் கொட்டிலில் பிறந்தவர். றோட்டுப் போடக் கல்லுக்கு வெடி வைத்தால், தாய் சட்டியை அப்படியே போட்டுவிட்டு அவரைத் தூக்கிக்கொண்டு மேசைக்கு அடியில் போய்விடுவாவாம். அவருக்குப் பத்து வயதான பிறகும் அப்படித்தானாம். "அதைப் பற்றி வீட்டில் யாரும் கதைப்பதில்லை. பிழை விட்டோம் என்று இப்போது நினைக்கிறேன்" என்றார்.

அதன் பிறகு மூன்று கிழமை ஒரு சத்தமும் இல்லை. நடை, சாப்பாடு, விளையாட்டு மட்டும். பிறகு தொடங்கினோம். நாய் சாப்பிடும் நேரத்தில் தூரத்து அறையில் ஒரு கரண்டி விழும். காதை நிமிர்த்தாமல் தின்றால் அடுத்த நாள் சட்டி மூடி. பிறகு வெளியில். நாய் புல்வெளியில் சந்தோஷமாக ஓடுகிற நேரம், இருநூறு மீற்றர் தள்ளி, சத்தத்துக்கென்று உள்ள சிறிய பொம்மைத் துவக்கால் ஒரு வெடி. ஒன்றுதான். வால் ஆடினால் அடுத்த முறை கொஞ்சம் கிட்ட. காது பின்னால் போனால் பழைய தூரத்துக்குத் திரும்ப வேண்டும். ஒரு நாளைக்கு ஒன்றுக்கு மேல் இல்லை. பயந்தால் கட்டிப்பிடித்துப் பரிதாபம் காட்டவும் கூடாது, ஏசவும் கூடாது. ஒன்றும் நடக்காத மாதிரி நடந்துகொண்டிருக்க வேண்டும்.

அந்தச் சத்தத்தை யார் போடுவது? பெரியவர் யோசித்துவிட்டு, வெடிச்சத்தம் ஆகாத எங்களில் ஒருவரிடமே அதைக் கொடுக்கச் சொன்னார். "சத்தம் எப்போது வரும் என்று தெரிந்தவருக்குப் பயம் பாதி. நிற்பாட்டலாம் என்றும் தெரிந்தால் இன்னும் பாதி" என்றார். முதல் நாள் அரை மணித்தியாலம் அதைக் கையில் வைத்துக்கொண்டு நின்றுவிட்டுச் சத்தம் போடாமலே திரும்பி வந்தார். யாரும் ஒன்றும் சொல்லவில்லை. இரண்டாம் நாளும் அப்படியே. மூன்றாம் நாள் தானே எண்ணி, ஒன்று இரண்டு மூன்று, போட்டார். தூரத்தில் நாய் ஒருமுறை திரும்பிப் பார்த்துவிட்டுத் தன்பாட்டில் ஓடியது. ஓகஸ்ட் கடைசியில் நாற்பது மீற்றருக்கு வந்துவிட்டோம்.

அந்த மாதத்தில் மலையில் வேறு நாய்களையும் கண்டோம். நன்றாகப் பழகிய பறவைநாய்களோடு ஆட்கள் நேர்கோட்டில் நடந்து, எங்கே எத்தனை ரீப்பே எழும்புகிறது, கோட்டில் இருந்து எவ்வளவு தூரம் என்று அளந்து எழுதுவார்கள். அந்தக் கணக்கைப் பார்த்துத்தான் அந்த வருஷம் ஒருவர் எத்தனை சுடலாம் என்று தீர்மானிப்பார்கள். பின்மார்க்கில் இந்தக் காரியத்தைப் பார்ப்பது 2006இல் தொடங்கிய 'பின்மார்க்சையன்தொமன்' என்ற நில நிர்வாகம். மலையெலிகள் பெருகிய வருஷத்தில் நரிக்கு எலியே போதும், ரீப்பேக் குஞ்சு தப்பும். எலி குறைந்தால் முட்டையும் குஞ்சும் போய்விடும். ஆகவே ஒவ்வொரு வருஷமும் எண்ணித்தான் பார்க்க வேண்டும். சுடுவதற்கு முன் எண்ணுகிறார்கள் என்பது எங்களுக்குப் புதினமாக இருந்தது.

ரீப்பே வேட்டை தொடங்குவது செப்டெம்பர் 10. 2024இல் அது செவ்வாய்க்கிழமை. ஒருநாள் லீவு எடுத்தோம். பெரியவரின் மகள் துவக்கோடு வந்திருந்தா. நாங்கள் துவக்குத் தொடுவதில்லை, விசில் மட்டும்தான் எங்களுக்கு. பெரியவர் றோட்டோரம் காரில் போர்வையைப் போர்த்திக்கொண்டு தூரநோக்கியோடு இருந்தார்.

பிரேயாவை அவிழ்த்துவிட்டோம். முதல் ஒரு மணித்தியாலம் ஒன்றும் இல்லை. சதுப்புக்கு மேலே குட்டைச் செடி மண்டிய சரிவில், ஓடிக்கொண்டிருந்தவள் கயிறு கட்டி இழுத்த மாதிரித் திரும்பினாள். நின்றாள். சிறகுக்கு நின்றதுபோல நடுங்கவில்லை. மரம் மாதிரி நின்றாள். முன்னால் ஒன்றும் தெரியவில்லை, செடி மட்டும். இருநூறு மீற்றர் இருக்கும், மெதுவாக நடந்தோம். எங்கள் மூச்சுச் சத்தம் எங்களுக்கே கேட்டது. அவள் அசையவில்லை. கண்ணை மட்டும் எங்கள் பக்கம் திருப்பிப் பார்த்தாள். கோப்பைக்கு முன்னால் இருந்து பார்க்கிற அதே பார்வை.

மகள் பக்கத்தில் வந்து துவக்கைத் தூக்கினா. எங்களில் அந்த ஒருவரைப் பார்த்துத் தலையை ஆட்டினா. சொல்ல வேண்டியவர் அவர்தான். "ரைஸ்" என்றார். நாய் ஒரே பாய்ச்சல். ஏழெட்டு ரீப்பே கரகரவென்று சிரிக்கிற மாதிரிச் சத்தத்தோடு எழும்பின. விசில். நாய் குந்திவிட்டது. வெடி.

ஒரு பறவை விழுந்தது. எங்களில் அந்த ஒருவரின் கை நடுங்கியது. அதை மறைத்து எழுதினால் பொய். ஆனால் அவர் நின்றார். நாய் ஓடவில்லை, அவர் குந்தவில்லை. ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டு நின்றார்கள். கீழே றோட்டில் பெரியவர் கார்க் கோணை அடித்தார்.

அன்று எங்கள் வீட்டில் செவ்வாய், மச்சம் இல்லை. பரவாயில்லை, ரீப்பேயை இங்கே சில நாள் தொங்கவிட்டுத்தான் சமைப்பார்கள். அவர்கள் பாலாடைக் குழம்பு வைப்பார்கள். நாங்கள் அவருடைய பங்கை அப்படிச் செய்து கொடுத்துவிட்டு எங்கள் பங்கை மிளகாய்த்தூள் போட்டுப் பிரட்டினோம். பெரியவர் இரண்டையும் சாப்பிட்டுவிட்டு மூக்கைத் துடைத்தார். எது நல்லது என்று கடைசிவரை சொல்லவில்லை.

இது இத்தோடு முடிந்திருந்தால் சுகம். ஒக்டோபரில் பெரியவர் முதியோர் இல்லத்துக்குப் போக வேண்டி வந்தது. படிகள் ஏற முடியவில்லை. அங்கே நாய் வைத்திருக்க இயலாது. மகள் மாடிக் குடியிருப்பில் இருக்கிறா. "பிரேயாவை உங்கள் பெயருக்கு எழுதித் தரவா?" என்று கேட்டார்.

எங்களுக்கு உடனே பதில் வரவில்லை. இந்த நாய் பத்துப் பன்னிரண்டு வருஷம் இருக்கும். நாங்களோ வந்த நாளில் இருந்து "இன்னும் ஒரு வருஷம், பிறகு ஒஸ்லோ" என்று சொல்லிக்கொண்டிருப்பவர்கள். அங்கே கோயில் இருக்கிறது, தமிழ்ப் பள்ளிக்கூடம் இருக்கிறது, சொந்தம் இருக்கிறது. சூட்கேசுகளை இன்னும் பரணில் ஏற்றவில்லை, கட்டிலுக்குக் கீழேதான் வைத்திருந்தோம். மலைநாய்க்கு மலை வேண்டும். அதை வாங்கினால் மலையையும் சேர்த்து வாங்குகிறோம்.

நாலு இரவு பேசினோம். பிள்ளைகளைக் கேட்டோம், அவர்கள் பதில் தெரிந்ததுதான். ஐந்தாம் நாள் எங்களில் அந்த ஒருவர், வெடிச்சத்தத்துக்கு நடுங்குகிறவர், "இங்கேயே இருப்பம்" என்று சொன்னார். முதியோர் இல்லத்தில் பெரியவரின் கட்டில் மேசையில் வைத்துக் கையெழுத்துப் போட்டோம். ஞாயிற்றுக்கிழமைகளில் நாயோடு போய் அவரைப் பார்த்து வருகிறோம். அவர் இன்னமும் யன்னலில் இருந்து பிழை பிடிக்கிறார்.

அந்த வருஷம் டிசெம்பர் 31 இரவு வாணவேடிக்கை தொடங்கியதும் குளியலறைக்குள் இரண்டு பேர் போனார்கள், ஒன்று மனிதர், மற்றது நாய். றேடியோவைச் சத்தமாகப் போட்டுக்கொண்டு இருந்தார்கள். முழுச் சுகம் என்று நாங்கள் சொல்ல வரவில்லை. ஆனால் இம்முறை கதவைப் பூட்டவில்லை.

கடிதம் எழுதிய சகோதரிக்கு: எல்லோரும் வேட்டைக்குப் போக வேண்டும் என்று நாங்கள் சொல்லவில்லை. உங்கள் மாடியிலும் ஒரு வயதானவர் இருப்பார். அவருக்கு ஒரு நாயோ, வள்ளமோ, தோட்டமோ இருக்கும். முடியாமல் போன ஒரு வேலை இருக்கும். போய்க் கேட்டுப் பாருங்கள். மொழியும் வரும். எங்களுக்கு வகுப்பில் வராத கட்டளைச் சொற்கள் எல்லாம் நாயோடுதான் வந்தன. வீட்டில் யாருக்காவது சத்தம் ஆகாவிட்டால் அதை ஒளிக்காதீர்கள். உங்கள் குடும்ப வைத்தியரிடம் சொல்லலாம். நாங்களும் பிறகு சொன்னோம், வெட்கப்பட ஒன்றுமில்லை.

வேட்டைக்கே போக ஆசைப்படுகிறவர்களுக்கு: 1986 முதல் இந்த நாட்டில் வேட்டைப் பரீட்சை கட்டாயம். 'யேகர்ப்ரோவன்' என்று பெயர். முப்பது மணித்தியால வகுப்பு, பிறகு ஐம்பது கேள்வி. சித்தியடைந்த பிறகு வருஷா வருஷம் கட்டணம், நிலக்காரரின் அனுமதிச் சீட்டு, துவக்குக்குப் பொலிஸ் அனுமதி. எங்கள் வீட்டில் மூத்தவள் அந்தப் புத்தகத்தை எடுத்து வைத்துப் படிக்கத் தொடங்கியிருக்கிறாள். சம்மதிப்பதா இல்லையா என்று நாங்கள் இன்னும் முடிவெடுக்கவில்லை. உங்கள் வீடுகளில் என்ன செய்வீர்கள் என்று எழுதுங்கள்.

அடுத்த இதழில் சம்பளத்துண்டை வாசிப்பது எப்படி என்று பார்ப்போம்.